ஆள் எடுக்கும் உத்தியோகம்

2019ஆம் ஆண்டு ஜூலை, ஆகஸ்டு மாதங்களில், நாற்பது ஆண்டுக்கு ஒருமுறை அனந்தசரஸ் புஷ்கரிணியிலிருந்து எழுந்தருளும் அத்தி வரதரைச் சேவிக்க வந்த ஜனத்திரள் சின்ன காஞ்சிபுரத்துத் தெருக்களையெல்லாம் நிறைத்து, உள்ளூர்க்காரர்கள் தத்தம் வீட்டு வாசலைத் தாண்டுவதற்கே தவித்த அந்த நாட்களில், இதே ஊரின் பெயரைச் சட்டையில் தாங்கிய ஒரு கிரிக்கெட் அணி திண்டுக்கல்லை அடுத்த நத்தத்திலும் திருநெல்வேலியிலும் ஆடிக்கொண்டிருந்தது என்பதை இங்கே நினைத்துப் பார்த்தவர்கள் மிகச் சிலராகவே இருந்திருப்பர். வி.பி. காஞ்சி வீரன்ஸ் என்பது அந்த அணியின் பெயர். 2016இல் தமிழ்நாடு பிரீமியர் லீக் தொடங்கியபோது திருவள்ளூரின் பெயரோடு பிறந்து, 2018இல் காஞ்சியின் பெயரை ஏற்ற அவ்வணி, காஞ்சிபுரத்தில் ஓர் ஆட்டம்கூட ஆடியதில்லை. பட்டுக்கும் கோயிலுக்கும் உள்ள கீர்த்தியில் ஒரு பங்கைக் கிரிக்கெட்டுக்கும் கடன் கொடுத்ததோடு ஊரின் சம்பந்தம் முடிந்துவிட்டது. அணியின் உரிமையாளரான வி.பி. சந்திரசேகர் அவ்வாண்டு ஆகஸ்டு 15ஆம் தேதி, போட்டியின் இறுதி ஆட்டம் நடந்த அதே நாளில் காலமானார். பிறகு அவ்வணியின் இடத்துக்கு நெல்லை ராயல் கிங்ஸ் வந்தது.

சந்திரசேகரைத் தமிழ்நாட்டுக் கிரிக்கெட் ரசிகர்கள் இரண்டு காரணங்களுக்காக நினைவில் வைத்திருக்க வேண்டும். முதல் காரணம் பிரசித்தமானது: 1988இல் சேப்பாக்கத்தில் நடந்த இரானி கோப்பை ஆட்டத்தில், தொடக்க ஆட்டக்காரராக இறங்கி, 56 பந்துகளில் நூறு ஓட்டங்களைக் குவித்தார்; முதல்தர ஆட்டத்தில் இந்தியர் ஒருவர் அதற்குமுன் அத்தனை விரைவாகச் சதம் அடித்ததில்லை. இரண்டாவது காரணம் மட்டையும் பந்தும் சம்பந்தப்படாதது. 2008ஆம் ஆண்டு பிப்ரவரி 20ஆம் தேதி மும்பையில் ஐ.பி.எல். போட்டியின் முதல் ஏலம் நடந்தபோது, சென்னை சூப்பர் கிங்ஸ் அணிக்கு ஆள் சேர்க்கும் பொறுப்பில் இருந்தவர் அவர். அன்று மகேந்திர சிங் தோனியைச் சென்னை 15 லட்சம் டாலருக்கு, அன்றைய கணக்கில் 6 கோடி ரூபாய்க்கு எடுத்தது. ஏலத்துக்கு முந்திய பேச்சில் உரிமையாளர் தரப்பில் சேவாகின் பெயரும் அடிபட்டது என்பதும், சந்திரசேகர்தான் தோனி என்று பிடிவாதமாக நின்றார் என்பதும் கிரிக்கெட் வட்டாரத்தில் பலரும் சொல்லிவரும் செய்தி.

அந்த ஏலத்தின் கணக்கைச் சற்று நிதானமாகப் பார்ப்பது நல்லது. ஏனெனில் நான் சொல்லவிருக்கும் உத்தியோகத்தின் சாரம் முழுதும் அதில் அடங்கியிருக்கிறது. ஒவ்வோர் அணிக்கும் செலவுக்கு அனுமதிக்கப்பட்ட தொகை 50 லட்சம் டாலர். டெண்டுல்கர், கங்குலி, திராவிட், யுவராஜ், சேவாக் ஆகிய ஐவரும் அவரவர் நகரத்து அணிக்கே ஏலமின்றி ஒதுக்கப்பட்டிருந்தனர். ஆனால் அப்படி ஒதுக்கப்பட்டவருக்கு, அணி ஏலத்தில் எடுக்கும் மிக உயர்ந்த விலையைக் காட்டிலும் நூற்றுக்குப் பதினைந்து அதிகம் கொடுக்க வேண்டும் என்பது விதி. ஆகவே டெண்டுல்கரை வைத்திருந்த மும்பை, தோனிக்கு 15 லட்சம் கேட்டால் டெண்டுல்கருக்கு 17 லட்சத்து 25 ஆயிரம் எடுத்துவைக்க வேண்டும். இரண்டு பேருக்கே 32 லட்சத்துக்குமேல் போய்விட்டால், மிச்சத்தை வைத்து ஓர் அணியையே எப்படித் திரட்டுவது? சென்னைக்கு அத்தகைய நட்சத்திரம் எவரும் ஒதுக்கப்படவில்லை. பெரிய பெயர் ஒன்றும் கிடைக்காதது நஷ்டம் என்று வெளியில் இருந்தவர்கள் நினைத்திருக்கக்கூடும். ஏல மண்டபத்தில் அதுவே லாபமாக முடிந்தது. தோனியை எடுத்த பின்னும் சென்னையின் கையில் 35 லட்சம் இருந்தது. முரளிதரனும் ரெய்னாவும் ஹஸ்ஸியும் ஹேடனும் அதில் வந்தவர்கள்.

ஆடாமலும், ஆடுகிறவர்களுக்குப் பயிற்சி கொடுக்காமலும், யார் ஆட வேண்டும் என்பதை மட்டும் தீர்மானிக்கிற இந்தக் காரியத்துக்கு நம் நாட்டில் நிலைத்த பெயர்கூட இன்னும் ஏற்படவில்லை. ஓர் அணியில் அவரைத் தலைமை நிர்வாகி என்கிறார்கள். இன்னோர் அணியில் கிரிக்கெட் இயக்குநர். வட அமெரிக்காவிலோ இது நூறு ஆண்டுப் பழமையுள்ள உத்தியோகம். அங்கே அவருக்கு ஜெனரல் மானேஜர் என்று பெயர். கனடாவின் தேசிய விளையாட்டுகளுள் ஒன்றான ஐஸ் ஹாக்கியில், ஆட்டக்காரர்களுக்குச் சமமாக அவருடைய பெயரும் பத்திரிகைகளில் நாள்தோறும் அடிபடுகிறது. சற்று அதிகமாகவும் அடிபடுகிறது என்று சொன்னாலும் பிழையில்லை.

ஐஸ் ஹாக்கியைப் பாராதவர்களுக்கு ஒரு வார்த்தை. உறைந்த பனித்தரையில், காலில் இரும்புக் கத்தி பொருத்திய சப்பாத்தோடு வழுக்கி ஓடி, வளைந்த மட்டையால் ஒரு கறுப்பு ரப்பர் வில்லையைத் தள்ளி எதிரியின் வலைக்குள் சேர்ப்பது அந்த ஆட்டம். கோல்காப்பாளர் உட்பட ஒரு பக்கத்துக்கு ஆறு பேர் தரையில் இருப்பார்கள். ஆனால் முழு வேகத்தில் ஒருவர் ஒரு நிமிஷத்துக்குமேல் ஓட முடியாதாகையால், அணி அணியாக மாறி மாறி இறங்கிக்கொண்டேயிருப்பார்கள். ஓர் ஆட்டத்துக்கு உடை தரித்து வருபவர் இருபது பேர். நேஷனல் ஹாக்கி லீக் என்னும் அமைப்பில் இன்று 32 அணிகள். ஒவ்வொன்றும் சாதாரணமாக ஒரு பருவத்துக்கு 82 ஆட்டங்கள் ஆடுகின்றன; அவற்றுள் தகுதி பெற்றவை அதற்குமேல் வசந்தகாலத்தில் ஸ்டான்லி கோப்பைக்காக இரண்டு மாத காலம் மோதுகின்றன. இந்த இருபது பேரில் இன்றைக்கு யார் முதலில் இறங்குவது என்பது பயிற்சியாளரின் அதிகாரம். அணியில் யார் யார் இருப்பது என்பதோ ஜெனரல் மானேஜரின் அதிகாரம். பயிற்சியாளரையே நியமிப்பதும் விலக்குவதும்கூட அவர் கையில் இருக்கிறது. அவரை விலக்குவது உரிமையாளர் கையில்.

இங்கே விளக்கடி கோயில் தெருவில் பட்டு நெசவு தெரிந்தவர்களுக்கு இந்த உத்தியோகத்தை விளக்க அதிகம் பாடுபட வேண்டியதில்லை. மூன்று புடவைக்கான பாவையும் ஊடைப் பட்டையும் ஜரிகையையும் நிறுத்துக் கொடுத்து, இந்த நிறத்துக்கு இந்தக் கரை, இந்தத் தறிக்கு இந்த வேலை என்று தீர்மானித்து, கோர்வை போடத் தெரிந்தவர் வீட்டுக்கு எதை அனுப்புவது, புதிதாகத் தொழில் பழகுகிறவர் வீட்டுக்கு எதை அனுப்புவது என்பதைப் பார்த்துச் செய்கிற முதலாளி, தாம் தறியில் உட்காருவதில்லை. நெய்து வந்த புடவையை மறுபடி தராசில் வைத்துப் பார்க்கிறார். கோர்வை பிசகியிருந்தால் ஏச்சு வாங்குவது நெய்தவர். ஆனால் அரக்குக்கும் மாம்பழ மஞ்சளுக்கும் போட்ட பொருத்தம் அந்த வருஷத்துக் கல்யாணக்காரர்களுக்குப் பிடிக்காமல் புடவை அலமாரியில் தங்கிவிட்டால், அந்தக் குற்றத்தை யார் தலையிலும் வைக்க முடியாது, தாமே ஏற்கவேண்டும். அதுவும் உடனே தெரிவதில்லை. மாதங்கள் கழித்துத்தான் தெரிகிறது. ஹாக்கி மானேஜருக்கோ அது தெரிய வருஷங்கள் ஆகின்றன. பதினெட்டு வயதுப் பையன் ஒருவனை இன்று தேர்ந்தெடுத்தால் அவன் முழு ஆட்டக்காரனாவதற்கு ஐந்தாறு ஆண்டுகள் பிடிக்கும். அதற்குள் தேர்ந்தெடுத்தவரின் நாற்காலியில் வேறொருவர் உட்கார்ந்திருப்பார். வைத்தவர் ஒருவர், பலனை அனுபவிப்பவர் வேறொருவர் என்னும் இந்த விசித்திரந்தான் இந்த உத்தியோகத்தின் சரித்திரம் முழுதும் ஓடுகிறது என்பது என் அபிப்பிராயம்.

இதற்கு உதாரணம் தேட டொரண்டோவைவிடத் தகுந்த இடமில்லை. 1983ஆம் ஆண்டுக் கலவரத்துக்குப் பின் ஈழத்திலிருந்து புறப்பட்டுப் போன குடும்பங்கள் கனடாவிலேயே மிகுதியாகக் குடியேறிய நகரம் அது. அங்கே ஸ்கார்பரோவிலும் மார்க்கத்திலும் வளர்ந்த தமிழ்ப் பிள்ளைகள், பெற்றோர் கிரிக்கெட்டைப் பற்றிக் கவலைப்படுவது போல, மேப்பிள் லீஃப்ஸ் என்னும் ஹாக்கி அணியைப் பற்றிக் கவலைப்படப் பழகிவிட்டார்கள். கவலைப்படுவதற்கு அந்த அணி ஒருபோதும் குறைவைத்ததில்லை. 1967க்குப் பிறகு அது ஸ்டான்லி கோப்பையை வென்றதில்லை.

அந்த அணியை உண்டாக்கியவர் கான் ஸ்மைத். அவருடைய கதையே மேலே நான் சொன்ன விசித்திரத்தோடு ஆரம்பமாகிறது. 1926இல் நியூயார்க்கில் ரேஞ்சர்ஸ் என்று ஒரு புதிய அணியைத் திரட்டித் தரும்படி அவரை அமர்த்தினார்கள். அவர் கனடா முழுதும் அலைந்து, பிறர் கண்ணில் படாத ஆட்டக்காரர்களையெல்லாம் சேர்த்து முடித்த சமயத்தில், அணியின் தலைவருக்கும் அவருக்கும் அபிப்பிராயபேதம் ஏற்பட்டு, முதல் ஆட்டம் நடப்பதற்கு முன்பே அவரை வீட்டுக்கு அனுப்பிவிட்டு லெஸ்டர் பாட்ரிக் என்பவரை அவ்விடத்தில் வைத்தார்கள். இரண்டாவது பருவத்திலேயே, 1928இல், ஸ்மைத் பொறுக்கியெடுத்த ஆட்களைக் கொண்டே ரேஞ்சர்ஸ் கோப்பையை வென்றது. ஸ்மைத் இதற்குள் தம் ஊரான டொரண்டோவில் செயின்ட் பாட்ரிக்ஸ் என்ற நொடித்துப்போன அணியை 1927இல் கூட்டாளிகளோடு வாங்கி, அதற்கு மேப்பிள் லீஃப்ஸ் என்று பெயர் மாற்றியிருந்தார்.

1930இல் ஆட்டவா அணியில் கிங் கிளான்சி என்றொரு தற்காப்பாட்டக்காரர் விலைக்கு வந்தார். கேட்ட விலை 35 ஆயிரம் டாலரும் இரண்டு ஆட்டக்காரரும். உலகமெங்கும் பணமுடை தொடங்கிவிட்ட வருஷம். கூட்டாளிகளோ அவ்வளவு கொடுக்கத் துணியவில்லை. ஸ்மைத்துக்குச் சொந்தமாக ஒரு பந்தயக் குதிரை இருந்தது. பெயர் ரேர் ஜுவல். அதனிடம் யாருக்கும் நம்பிக்கை கிடையாது. அவ்வாண்டு செப்டம்பரில் டொரண்டோவின் உட்பைன் மைதானத்தில் அந்தக் குதிரை எல்லாரையும் திகைக்கவைத்து முதலில் வந்தது. கட்டிய பணம் பல மடங்காகத் திரும்பியது. அதைக்கொண்டு கிளான்சி வந்தார். கோடிக்கணக்கில் சம்பளக் கணக்குப் பார்க்க வக்கீல்களையும் புள்ளிவிவர நிபுணர்களையும் பக்கத்தில் வைத்துக்கொண்டு வேலை செய்கிற இக்காலத்து மானேஜர்கள், தம் உத்தியோகத்தின் மூதாதையருள் ஒருவர் குதிரைப் பந்தயத்தில் ஜெயித்து ஆள் எடுத்தார் என்பதைக் கேட்டால் என்ன நினைப்பார்களோ தெரியாது. அடுத்த ஆண்டே, 1931 ஜூனில் கடைக்கால் தோண்டி நவம்பர் 12ஆம் தேதி மேப்பிள் லீஃப் கார்டன்ஸ் என்னும் பெரிய அரங்கத்தைத் திறந்துவிட்டார் ஸ்மைத். கையில் ரொக்கம் போதாமையால் கட்டட வேலைக்காரர்களுக்குக் கூலியில் ஒரு பகுதியைப் பங்குப் பத்திரமாகக் கொடுக்கும் யோசனையைச் சொல்லி, தொழிற்சங்கங்களைச் சம்மதிக்கவைத்தவர் அவருடைய உதவியாளர் ஃபிராங்க் செல்க்; அவரும் எலெக்ட்ரீஷியன் சங்கத்தைச் சேர்ந்தவர். 1932இல் புது அரங்கத்தின் முதல் பருவத்திலேயே கோப்பை வந்தது.

செல்க்கின் கதி பரிதாபமானது. அல்லது, பார்க்கிற பார்வையில், பாக்கியமானது. இரண்டாம் உலக யுத்தத்தில் ஸ்மைத் படையில் சேர்ந்து கடல் கடந்து போயிருந்தபோது, 1943இல், அவரைக் கேளாமலே செல்க் ஓர் இளைஞனை மாண்ட்ரியாலுக்குக் கொடுத்து டெட் கென்னடி என்னும் இன்னோர் இளைஞனை வாங்கினார். யுத்தகளத்திலிருந்து செய்தி அறிந்த ஸ்மைத்துக்கு அடங்காத கோபம். அந்தக் கென்னடி 1945க்கும் 1951க்கும் இடையில் ஐந்து கோப்பைகளை டொரண்டோவுக்கு வாங்கிக்கொடுத்தார்; இடையில் அணியின் தலைவருமானார். ஸ்மைத்துக்கே மிகப் பிரியமான ஆட்டக்காரராகவும் ஆனார். ஆனால் மனக்கசப்பு ஆறவில்லை. செல்க் 1946இல் விலகி மாண்ட்ரியாலுக்கே ஜெனரல் மானேஜராகப் போய்ச் சேர்ந்தார். இளம் ஆட்டக்காரர்களை ஊர் ஊராக வளர்த்தெடுத்து அவர் அங்கே கட்டிய அணி, 1956 முதல் 1960 வரை ஐந்து முறை தொடர்ந்து கோப்பையை வென்றது. அதை இன்றுவரை வேறெந்த அணியும் செய்ததில்லை.

ஸ்மைத்துக்குப் பின் வந்தவர்களில் பஞ்ச் இம்லாக் மானேஜர் வேலையையும் பயிற்சியாளர் வேலையையும் சேர்த்துப் பார்த்து, 1962க்கும் 1967க்கும் இடையில் நான்கு கோப்பைகளைக் கொண்டுவந்தார். 1979இல் இரண்டாம் முறை அதே நாற்காலிக்கு வந்து, தமது அணித் தலைவரோடேயே சண்டையிட்டுப் பெயரைக் கெடுத்துக்கொண்டார். அந்த இருண்ட காலத்தைப் பற்றி விரித்துச் சொல்லுவதில் பயனில்லை. ஒரு சம்பவம் போதும். 1989இல் அப்போது மானேஜராயிருந்த ஃபிளாய்ட் ஸ்மித், டாம் கர்வர்ஸ் என்ற சாதாரணத் தற்காப்பாட்டக்காரருக்காக, 1991ஆம் ஆண்டின் இளைஞர் தேர்வில் தமக்குரிய முதல் சுற்று முறையை நியூஜெர்சி அணிக்குக் கொடுத்துவிட்டார். அந்தத் தேர்வில் போன ஆண்டு கீழே கிடந்த அணிக்கு முதலில் எடுக்கும் உரிமை. டொரண்டோ வேண்டிய அளவு கீழே போய்விட்டபடியால் அந்த முறை மூன்றாவது இடத்தில் விழுந்தது. அதில் நியூஜெர்சி எடுத்த ஸ்காட் நீடர்மேயர் தம் ஆயுளில் நான்கு ஸ்டான்லி கோப்பைகளை வென்றார். அந்த முறையை வாங்கிய நியூஜெர்சி மானேஜர் லூ லாமொரெல்லோ. அவரையே 2015இல் டொரண்டோ தன் மானேஜராக அமர்த்திக்கொண்டது. தன்னை ஏமாற்றியவரைத் தன் பக்கம் சேர்த்துக்கொள்வது விவேகந்தான். அதற்கு இருபத்தாறு வருஷம் ஆயிற்று.

இடையில் வந்தவர்களில் என் மதிப்பில் மிக உயர்ந்தவர் கிளிஃப் ஃபிளெட்சர். கால்கரி நகரத்து அணியை 1989இல் கோப்பை வெல்லுமளவுக்கு உயர்த்திய பிறகு 1991இல் டொரண்டோவுக்கு வந்தார். 1992 ஜனவரி 2ஆம் தேதி, கால்கரியில் தமக்குக் கீழே பழகித் தமக்குப் பின் அங்கே மானேஜரான டக் ரைஸ்ப்ரோவோடு பேசி, ஐந்து பேரைக் கொடுத்து ஐந்து பேரை வாங்கினார். அந்த ஐவரில் ஒருவர் டக் கில்மோர். பத்துப் பேர் கைமாறிய அந்தப் பரிவர்த்தனையில் கால்கரிக்குக் கிடைத்தவர்கள் எவரும் நினைவில் நிற்கவில்லை. கில்மோரோ அடுத்த பருவத்தில் கோலும் கோலுக்குக் கொடுத்த உதவியுமாக 127 புள்ளிகள் சேர்த்து, கோப்பையின் இறுதிச் சுற்றுக்கு ஒரே ஆட்டம் குறைவாக அணியைக் கொண்டுபோய் நிறுத்தினார். தாம் உண்டாக்கிய அணியின் பலவீனம் இன்னதென்று ஃபிளெட்சருக்குத் தெரியும்; எதிரே உட்கார்ந்திருந்த சிஷ்யரின் பலவீனமும் தெரியும். 1994இல் அவர் செய்தது அதைவிடத் துணிகரமானது. ரசிகர்கள் கண்ணின் மணியாகக் கருதிய வெண்டெல் கிளார்க்கைக் கொடுத்து, ஸ்வீடன் தேசத்து மாட்ஸ் சுண்டினை வாங்கினார். ஊரே சபித்தது. சுண்டின் பதினொரு ஆண்டுகள் அணித் தலைவராக இருந்து, அவ்வணியின் சரித்திரத்திலேயே மிகுதியான புள்ளிகளைச் சேர்த்தவரானார். ஃபிளெட்சரை 1997இல் விலக்கினார்கள்; சுண்டினின் சிறந்த நாட்கள் பெரும்பாலும் அதற்குப் பின்னால் வந்தவை.

2005இல் இந்த உத்தியோகத்தின் தன்மையே மாறியது. உரிமையாளர்களும் ஆட்டக்காரர்களும் சம்பளம் பற்றிச் சச்சரவிட்டு ஒரு பருவம் முழுதும் ஆட்டமே நடவாமல் போனபின், அணியொன்று மொத்தச் சம்பளமாக இவ்வளவுக்குமேல் கொடுக்கக் கூடாது என்று ஓர் உச்சவரம்பு வைத்தார்கள். முதல் ஆண்டில் அது 3 கோடி 90 லட்சம் டாலர். பணம் படைத்த டொரண்டோவும் பணம் இல்லாத சிறு நகரமும் அன்றுமுதல் ஒரே அளவு துணியில்தான் சட்டை தைத்துக்கொள்ள வேண்டும் என்றாயிற்று. தாராளம் என்னும் குணம் மானேஜருக்குப் பயன்படாமல் போய், கணக்கு என்னும் குணம் முன்னுக்கு வந்தது. 2008இல் சென்னை ஏல மேஜையில் செய்த கணக்கும் இதே ஜாதியைச் சேர்ந்ததுதான்.

இந்தப் புதிய காலத்தில் டொரண்டோவின் நாற்காலி ஒருவருக்கும் சூடாகவில்லை. பிரையன் பர்க் 2009இல் பில் கெஸ்ஸல் என்னும் கோல் வீரரை வாங்க, இரண்டு முதல் சுற்று முறைகளைப் பாஸ்டனுக்குக் கொடுத்தார். அவற்றில் ஒன்றில் பாஸ்டன் எடுத்த டைலர் செகின், 2011இல் அவ்வணி கோப்பையை வென்றபோது அதில் இருந்தார். பர்க்கை 2013 ஜனவரியில், பருவம் தொடங்க இரண்டு வாரங்கூட இல்லாத சமயத்தில், விலக்கினார்கள். அவர் திரட்டிய அணி அந்த வசந்தத்திலேயே ஒன்பது ஆண்டுகளில் முதன்முறையாகக் கோப்பைச் சுற்றுக்குள் நுழைந்தது. பெயர் டேவ் நோனிஸுக்கு. அந்தச் சுற்றில், பாஸ்டனுக்கு எதிரான ஏழாவது ஆட்டத்தில், 4க்கு 1 என்று முன்னணியில் நின்று, கடைசிப் பகுதியில் எல்லாவற்றையும் பறிகொடுத்துத் தோற்றதும் நோனிஸின் கணக்கிலேயே எழுதப்பட்டது.

2018இல் கைல் டூபஸ் முப்பத்திரண்டு வயதில் ஜெனரல் மானேஜரானார். பெரிய ஆட்டக்காரராயிருந்து ஓய்வு பெற்றவர்களுக்கே உரியதென்று எண்ணப்பட்ட பதவியில், புள்ளிவிவரங்களைப் படித்து ஆளை அளக்கும் இளைஞர் வந்து உட்கார்ந்தது ஒரு புதுமை. அவர் ஜான் டவாரஸை ஏழு ஆண்டுக்கு 7 கோடி 70 லட்சம் டாலருக்கு அழைத்துவந்தார். ஆஸ்டன் மாத்யூஸ், மிச் மார்னர், வில்லியம் நீலாண்டர் மூவருக்கும் பெரிய ஒப்பந்தங்களை எழுதினார். வரம்பு ஆண்டுதோறும் உயர்ந்துகொண்டே போகும், ஆகவே இன்று கனமாகத் தோன்றும் சம்பளம் நாளை இலகுவாகும் என்பது அவருடைய கணக்கு. அது தப்பான கணக்கு என்று சொல்லுவதற்கில்லை. ஆனால் கொள்ளைநோய் வந்து அரங்கங்கள் மூடியதால், மூன்று பருவங்களுக்கு வரம்பு 8 கோடி 15 லட்சத்திலேயே நின்றுவிட்டது. நால்வருக்கும் சேர்த்து நாலு கோடிக்குமேல். மிச்சமிருக்கும் அத்தனை பேருக்கும் மற்றப் பாதி. கோல்காப்பாளருக்கும் தற்காப்புக்கும் மலிவான ஆளைத் தேடித் தேடியே டூபஸின் காலம் கழிந்தது. 2023இல் அணி பத்தொன்பது ஆண்டுகளில் முதன்முறையாக ஒரு சுற்றை வென்றது. அடுத்த சுற்றில் தோற்ற சில நாட்களில் அவர் விலக்கப்பட்டு, பிட்ஸ்பர்க் அணிக்குப் போனார்.

அந்த நால்வரில் மார்னரின் கணக்கை எவர் பெயரில் எழுதுவது என்று எனக்கு விளங்கவேயில்லை. 2015 ஏப்ரலில் நோனிஸை நீக்கினார்கள். ஜூலையில் லாமொரெல்லோ வந்தார். இளைஞர் தேர்வு நடந்தது நடுவில், ஜூன் மாதத்தில். டொரண்டோ நகரத்தை அடுத்த மார்க்கத்தில் பிறந்த மார்னரை நான்காவது ஆளாக எடுத்தபோது அணிக்கு ஜெனரல் மானேஜரே கிடையாது. உதவியாளர்கள் கூடித் தீர்மானித்தார்கள். ஒன்பது பருவங்கள் ஆடி எழுநூற்றுக்கு மேற்பட்ட புள்ளிகள் சேர்த்தபின், 2025 கோடையில் அவர் லாஸ்வேகாஸுக்கு, ஆண்டுக்கு 1 கோடி 20 லட்சம் டாலர் வீதம் எட்டு ஆண்டு ஒப்பந்தத்தில் போனார். ஈடாக டொரண்டோவுக்குக் கிடைத்தவர் நிக்கோலா ருவா என்னும் நடுத்தர ஆட்டக்காரர் ஒருவரே. அப்போது நாற்காலியில் இருந்தவர் பிராட் ட்ரெலிவிங். பத்திரிகைகள் அவரைத்தான் கேள்வி கேட்டன. மார்னர் விரும்பாவிட்டால் எந்த அணிக்கும் மாற்ற முடியாது என்னும் பாதுகாப்பு விதியை ஒப்பந்தத்தில் எழுதிக்கொடுத்த டூபஸ், அதற்குள் பிட்ஸ்பர்க்கில் வேறொரு கணக்கைப் பார்த்துக்கொண்டிருந்தார்.